கிழமை இல்லாத நாள்

டோல்கீனின் 'தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' நாவலின் மூன்றாம் தொகுதி 1955இல் வெளிவந்தது. கதை முடிந்த பிறகும் புத்தகம் முடிவதில்லை. அரச வம்சாவளிகள், ஆண்டு வரிசைகள், எழுத்து முறைகள் என்று பின்னிணைப்புகள் நீண்டுகொண்டே போகின்றன. நான்காவது பின்னிணைப்பு நாட்காட்டிகளைப் பற்றியது. கதைக்காகப் படிக்கிறவர்கள் இதைத் தொடுவதில்லை. நானும் ரொம்ப நாள் புரட்டிவிட்டுத்தான் போனேன். பிறகு உட்கார்ந்து படித்தபோது, டிராகன்களும் மந்திரவாதிகளும் வருகிற முந்தைய பக்கங்களைவிட இந்தச் சில பக்கங்களில்தான் புனைவு உச்சத்துக்குப் போயிருக்கிறது என்று பட்டது. ஏன் அப்படிப் பட்டது என்பதைச் சொல்வதற்கே இந்தக் கட்டுரை.

முதலில் கணக்கு. ஷயர் என்கிற நாட்டில் ஹாபிட்டுகள் என்ற குள்ள உருவ விவசாயக் குடிகள் வாழ்கிறார்கள். அவர்களுடைய ஆண்டுக்குப் பன்னிரண்டு மாதங்கள். எல்லா மாதத்துக்கும் முப்பதே நாள். ஆக 360. மீதி ஐந்து நாட்கள் எந்த மாதத்திலும் சேராதவை. பழைய ஆண்டின் கடைசி நாளும் புதிய ஆண்டின் முதல் நாளும் குளிர்காலத்தின் இரண்டு 'யூல்' நாட்கள். மற்ற மூன்றும் கோடையின் நடுவில், ஆறாம் மாதத்துக்கும் ஏழாம் மாதத்துக்கும் இடையில் வருகின்றன. அந்த மூன்றில் நடுவில் இருப்பது 'ஆண்டு நடுநாள்'. மிகுநாள் வருகிற வருஷத்தில் அதற்கடுத்து இன்னொரு நாள் கூடும். இவை விருந்து நாட்கள், விடுமுறை நாட்கள்.

365ஐ ஏழால் வகுத்தால் 52 வாரம் போக ஒரு நாள் மிஞ்சும். இந்த மிச்ச நாளால்தான் இந்த வருஷம் வெள்ளிக்கிழமை வந்த பிறந்தநாள் அடுத்த வருஷம் சனிக்கிழமைக்கு நகர்கிறது. ஹாபிட்டுகளுக்கு இது ஒழுங்கீனமாகவும் சௌகரியக் குறைவாகவும் தோன்றியதாம். இரண்டாம் இசன்கிரிம் என்பவரின் காலத்தில் ஒரு சீர்திருத்தம் வருகிறது. ஆண்டு நடுநாளுக்கு இனிமேல் கிழமை கிடையாது. மிகுநாளுக்கும் கிடையாது. முதல்நாள் ஒரு கிழமை, மறுநாள் அதற்கடுத்த கிழமை, நடுவில் இருப்பது வெறும் நாள். அதற்குப் பிறகு ஒவ்வோர் ஆண்டும் வாரத்தின் முதல் நாளில் தொடங்கி வாரத்தின் கடைசி நாளில் முடிந்தது. தேதியைச் சொன்னால் கிழமை தானாகத் தெரியும் என்பதால் கடிதத்திலும் நாட்குறிப்பிலும் கிழமை எழுதுகிற பழக்கமே விட்டுப்போயிற்று.

இந்தச் சீர்திருத்தத்தைச் செய்தது யார்? டோல்கீன் யார் பெயரையும் சொல்லாமல் கடந்துவிடுகிறார். 'அவர்கள் ஏற்பாடு செய்தார்கள்', அவ்வளவுதான். இசன்கிரிம் டூக் குடும்பத்தைச் சேர்ந்தவர். நாட்டின் தலைமை அந்தக் குடும்பத்தில் தந்தைக்குப் பின் மகன் என்று பரம்பரையாக வருவது. பண்ணையாள் யாராவது எதிர்த்தாரா, எங்கள் வேலைநாள் கணக்கு என்ன ஆகும் என்று தோட்டக்காரர் யாராவது கேட்டாரா, எதுவும் பிரதியில் இல்லை. பக்கத்துப் பிரீ நகரமும் பின்னாளில் ஏற்றுக்கொண்டதாம். ஒருத்தரும் முணுமுணுக்காமல் ஒரு தேசத்தின் காலம் மாறிவிடுகிறது.

மாதப் பெயர்களில் வேறொரு விஷயம் இருக்கிறது. டோல்கீன் ஆக்ஸ்ஃபோர்டில் பழைய ஆங்கிலம் கற்பித்தவர். ஷயர் மாதப் பெயர்களை அவர் கற்பனையிலிருந்து எடுக்கவில்லை. துறவி பீட் 725இல் காலக்கணிப்பு பற்றி லத்தீனில் எழுதிய நூலில், கிறிஸ்தவத்துக்கு முந்தைய ஆங்கிலேயரின் மாதங்களைப் பதிவு செய்திருக்கிறார். மாடுகளிடம் நாளுக்கு மூன்று வேளை பால் கறக்கும் மாதம், களை மாதம், பலி மாதம், புனித மாதம் என்று அவை போகின்றன. டோல்கீன் அந்தப் பெயர்களைத் தேய்த்துச் சுருக்கி ஹாபிட்டுகளின் வாயில் போட்டுவிட்டார். ஷயரில் கோயிலும் கிடையாது, பூசாரியும் கிடையாது, பலியும் கிடையாது. ஆனால் பலி மாதமும் புனித மாதமும் இருக்கின்றன. தெய்வங்கள் போன பிறகும் பெயர் தங்கிவிட்டது. கிழமைகளும் அப்படித்தான். எல்ஃபுகளின் ஆறுநாள் வாரத்தோடு, கடலோடிகளான நூமனோர் மக்கள் கடலின் பெயரால் ஒரு நாளைச் சேர்த்து ஏழாக்கினார்கள். ஹாபிட்டுகள் அதை வாங்கித் தம் மொழியில் பெயர்த்துக்கொண்டு அர்த்தத்தை மறந்தார்கள். கடலையே பார்க்காத குடியானவர்கள் கடலின் நாளைக் கொண்டாடினார்கள் என்றால் அதிகாரம் காலத்தின் வழியாக எப்படிக் கசிகிறது என்பதற்கு வேறு உதாரணம் தேட வேண்டியதில்லை.

பன்னிரண்டு முப்பதுகள், மீதி ஐந்து நாட்கள் என்கிற இந்தக் கணக்கு பழைய எகிப்தில் இருந்தது. 1793இல் பாரிஸில் மறுபடியும் வந்தது. கத்தோலிக்கரும் பழமைவிரும்பியுமான டோல்கீனின் ஷயரும், மன்னன் தலையை வெட்டிய ஜாக்கோபின்களின் குடியரசும் ஒரே எண்கணிதத்தில் நிற்கின்றன. எண்கணிதத்துக்கு அரசியல் இல்லை என்று இதை வைத்துச் சொல்லிவிட முடியாது. அதைத் தூக்கிக்கொண்டு போய் எதன்மேல் வைக்கிறார்கள் என்பதில்தான் அரசியல் இருக்கிறது.

1793 அக்டோபர் 5 அன்று பிரஞ்சு தேசிய மாநாடு புதிய நாட்காட்டியை ஏற்றது. குடியரசு பிறந்த 1792 செப்டம்பர் 22 முதலாம் ஆண்டின் முதல் நாளாக ஆக்கப்பட்டது. கணக்குக்குப் பொறுப்பு ழில்பேர் ரோம். பெயர் சூட்டியவர் கவிஞரும் நாடகக்காரருமான ஃபாப்ர் தெக்லாந்தீன். பனி மாதம், மழை மாதம், முளை மாதம், பூ மாதம், அறுவடை மாதம். புனிதர்களின் பெயர் கொண்ட நாட்களை எல்லாம் அழித்து ஒவ்வொரு நாளுக்கும் ஒரு பயிர், ஐந்தாம் நாட்களுக்கு ஒரு பிராணி, பத்தாம் நாட்களுக்கு ஓர் உழவுக் கருவி என்று வைத்தார்கள். சும்மா சொல்லக்கூடாது, அழகான காரியம். உலக வரலாற்றில் கலப்பைக்கும் மண்வெட்டிக்கும் நாள் ஒதுக்கிய அரசு வேறு எது?

ஆனால் கருவிகளுக்குக் கிடைத்த மரியாதை அவற்றைப் பிடித்த கைகளுக்குக் கிடைத்ததா? ஏழுநாள் வாரம் போய்ப் பத்துநாள் வாரம் வந்தது. ஓய்வு பத்தாம் நாளில். ஆண்டுக்கு 52 ஞாயிறுகள் இருந்த இடத்தில் 36 ஓய்வு நாட்கள். புனிதர்களின் திருநாள் விடுமுறைகளும் போயின. ஆண்டின் கடைசி ஐந்து நாட்களைத் திருவிழாக்களாக்கி அவற்றில் ஒன்றுக்கு 'உழைப்பின் திருநாள்' என்று பெயரிட்டார்கள். உழைப்புக்குத் திருநாள் கொடுத்துவிட்டு உழைப்பவனின் ஓய்வைப் பிடுங்கிக்கொண்டார்கள். ஜனங்கள் ஞாயிறை விடவில்லை. 1798இல் சட்டம் போட்டுப் பத்தாம்நாள் ஓய்வைக் கட்டாயமாக்க வேண்டியிருந்தது. இதை மதவெறி, பிற்போக்கு என்று மட்டும் படித்த முற்போக்கு வரலாறுகள் உண்டு. ஞாயிறை விடாதவர்களில் பாதிரிகளின் பிடியில் இருந்தவர்களும் இருந்தார்கள்தான். ஆனால் பிடிவாதம் பிடித்த எல்லோரும் பூசைக்காகத்தான் பிடித்தார்கள் என்று சொல்ல நம்மிடம் என்ன ஆதாரம்? பத்து நாளில் ஒன்றைவிட ஏழு நாளில் ஒன்று அதிகம் என்பது எழுதப் படிக்கத் தெரியாதவனுக்கும் தெரிந்த கணக்கு.

இந்த நாட்காட்டிக்கு இன்னொரு முகமும் இருந்தது. எல்லா மனிதருக்குமான பகுத்தறிவுக் காலம் என்று பேசிய நாட்காட்டி, வட பிரான்சின் தட்பவெப்பத்தை மாதப் பெயர்களாக்கியது. கரீபியத் தீவுகளில் பனி மாதத்துக்கு என்ன அர்த்தம்? 1794 பிப்ரவரி 4 அன்று, இரண்டாம் ஆண்டு மழை மாதம் 16ஆம் நாள் என்ற தேதியிட்டு, மாநாடு காலனிகளில் அடிமை முறையை ஒழித்தது. 1802 மே 20 அன்று, பத்தாம் ஆண்டு பூ மாதம் 30ஆம் நாள் என்ற தேதியிட்டு, நெப்போலியனின் அரசு அடிமை முறைக்குத் திரும்பவும் சட்டம் செய்தது. விடுதலைக்கும் விலங்குக்கும் ஒரே காலண்டர். கறுப்பு அடிமைகள் போராடி ஹைட்டியை வென்றெடுத்தபோது பாரிஸில் பன்னிரண்டாம் ஆண்டின் பனி மாதம் நடந்துகொண்டிருந்தது. ஹைட்டியின் பிரகடனம் 1804 ஜனவரி முதல் நாள் என்று தேதியிடப்பட்டது, கூடவே சுதந்திரத்தின் முதலாம் ஆண்டு என்றும். பிரஞ்சுக் குடியரசின் கணக்கை அவர்கள் வாங்கிக்கொள்ளவில்லை. தங்கள் முதலாம் ஆண்டைத் தாங்களே எண்ணத் தொடங்கினார்கள்.

ஃபாப்ர் 1794 ஏப்ரலில், தானே பெயரிட்ட முளை மாதத்தில், கில்லட்டினுக்குப் போனார். ரோம் 1795இல் மரண தண்டனை விதிக்கப்பட்டதும் தன்னைக் குத்திக்கொண்டு செத்தார். 1806 ஜனவரி 1 முதல் நெப்போலியன் பழைய நாட்காட்டிக்கே திரும்பினான். 1871 பாரிஸ் கம்யூன் சில நாட்களுக்கு அதை மறுபடி எடுத்தது. கம்யூனோடு அதுவும் போயிற்று.

சோவியத் அனுபவம் தலைகீழானது. 1929இல் அங்கே கொண்டுவந்த ஐந்துநாள் வாரத்தில் தொழிலாளருக்கு ஓய்வு கூடியது, ஐந்து நாளில் ஒன்று. ஆனால் எல்லோருக்கும் ஒரே நாள் கிடையாது. தொழிலாளர்களை ஐந்து நிறங்களாகப் பிரித்து ஆளுக்கொரு நாள் கொடுத்தார்கள். இயந்திரம் ஒரு நாளும் நிற்கவில்லை. கணவன் மஞ்சள், மனைவி பச்சை என்றால் இருவரும் ஒரே நாளில் வீட்டில் இருக்க வழியில்லை. சர்ச்சுக்கு ஞாயிறு இல்லாமற் போனது. கூடவே தோழர்கள் கூடிப் பேசுவதற்கும் பொதுவான நாள் இல்லாமற் போனது. 1931இல் ஆறுநாள் வாரமாக மாற்றினார்கள், இம்முறை எல்லோருக்கும் ஒரே ஓய்வு நாள். 1940 ஜூன் 26 ஆணை ஏழுநாள் வாரத்தைத் திருப்பித் தந்தது. அதே ஆணை வேலைநாளை எட்டு மணிநேரமாக நீட்டியது, அனுமதி இல்லாமல் வேலையை விட்டுப்போவதைக் குற்றமாக்கியது. ஞாயிறு திரும்பி வந்தபோது கையில் விலங்கோடு வந்தது.

இப்போது ஷயரின் கிழமை இல்லாத நாளுக்குத் திரும்புவோம். இதே யோசனை டோல்கீன் எழுதிக்கொண்டிருந்த ஆண்டுகளில் உலக அரங்கில் விவாதிக்கப்பட்டுக்கொண்டிருந்தது. 1834இல் மார்க்கோ மாஸ்ட்ரோஃபினி என்ற இத்தாலியப் பாதிரியார் இதை முன்வைத்திருந்தார். 1849இல் ஆகஸ்ட் கோம்த் பதின்மூன்று மாத நாட்காட்டியில் இதைச் சேர்த்தார். 1930இல் அமெரிக்காவின் எலிசபெத் அகேலிஸ் 'உலக நாட்காட்டி' இயக்கத்தைத் தொடங்கினார். 91 நாள் கொண்ட நான்கு சமமான காலாண்டுகள், மிஞ்சுகிற நாள் டிசம்பர் 30க்குப் பிறகு கிழமை இல்லாத 'உலக நாள்'. எல்லா ஆண்டும் ஞாயிற்றுக்கிழமை தொடங்கும். டோல்கீன் இதைப் பார்த்துத்தான் எழுதினார் என்று நான் சொல்லவில்லை. ஒரே காலத்தின் காற்றில் இருந்த ஒரு கனவு என்று மட்டும் சொல்கிறேன்.

சர்வதேச சங்கத்தின் ஜெனீவா மாநாட்டில் 1931இல் இதற்குக் கடும் எதிர்ப்பு வந்தது. முன்னின்றவர் பிரிட்டனின் தலைமை ரப்பி ஜோசப் ஹெர்ட்ஸ். ஏழாம்நாள் ஓய்வை அனுசரிக்கும் அட்வெண்டிஸ்ட் கிறிஸ்தவர்களும் எதிர்த்தார்கள். என்ன சிக்கல் என்று விரலால் எண்ணிப் பார்க்கலாம். டிசம்பர் 30 சனிக்கிழமை. மறுநாள் கிழமை இல்லாத உலக நாள். அதற்கடுத்த நாள் ஞாயிறு, ஜனவரி 1. இடைவிடாமல் ஏழு ஏழாக எண்ணி வருகிற யூதனுக்கு அடுத்த ஏழாம் நாள் ஜனவரி 6 அன்று வரும். அரசாங்கக் காலண்டரில் அது வெள்ளிக்கிழமை. அடுத்த ஆண்டு வியாழன், அதற்கடுத்து புதன். அவனுடைய ஓய்வு நாள் வேலை நாட்களுக்கு நடுவே அலைந்துகொண்டிருக்கும். ஆலையில் வேலை செய்கிறவன், கடைக் கணக்குப்பிள்ளை, பள்ளிக்கூடம் போகிற பிள்ளை எல்லோரும் வாரா வாரம் நம்பிக்கைக்கும் பிழைப்புக்கும் இடையே ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டும். பெரும்பான்மைக்கு வருஷத்துக்கு ஒரு கூடுதல் விடுமுறை. சிறுபான்மைக்கு வாழ்நாள் முழுக்க வேலை ஆபத்து.

பகுத்தறிவுப் பாசறையில் வளர்ந்த என்னைப் போன்றவர்களுக்கு இதை 'வைதீகத்தின் கூச்சல்' என்று ஒதுக்குவது சுலபம். நானும் அப்படித்தான் ஒதுக்கியிருந்தேன். 1930களின் ஐரோப்பாவில் யூதர்களின் நிலைமை எந்தத் திசையில் போய்க்கொண்டிருந்தது என்பதைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தபோதுதான், ஒரு சமூகத்தின் நாளை எண்ணிக்கைக்கு வெளியே தள்ளுவது வெறும் கணித வேலை இல்லை என்று உறைத்தது.

இந்தக் கதையில் இந்தியாவுக்கு இடம் உண்டு. இரண்டாம் உலகப்போருக்குப் பிறகு உலக நாட்காட்டியை ஐக்கிய நாடுகள் சபையில் எழுப்பிய நாடுகளில் இந்தியாவும் ஒன்று. 1954இல் ஜெனீவாவில் அதற்காக வாதாடியவர் மேகநாத் சாகா. டாக்கா அருகே ஒரு கிராமத்தில் சிறு கடைக்காரரின் மகனாக, ஒடுக்கப்பட்ட சாதியில் பிறந்து, வானியற்பியலில் உலகப் பெயர் பெற்றவர். சாதி இந்துக்களின் பஞ்சாங்கம் யாரை எங்கே நிறுத்தியது என்று அவருக்கு யாரும் பாடம் எடுக்கத் தேவையில்லை. 1952இல் அமைக்கப்பட்ட நாட்காட்டிச் சீர்திருத்தக் குழுவுக்கு அவரே தலைவர். ஏறத்தாழ முப்பது பஞ்சாங்க முறைகள் நாட்டில் புழங்குவதைக் குழு திரட்டியது. சூரியன் உண்மையில் சமநாளைத் தொட்டு இருபத்து மூன்று நாட்கள் கழித்துத்தான் பஞ்சாங்கத்தின் மேஷ சங்கராந்தி வருகிறது என்ற பிழையைச் சுட்டியது. 1957 மார்ச் 22 முதல் தேசிய நாட்காட்டி நடைமுறைக்கு வந்தது. சாகா 1956 பிப்ரவரியில் இறந்துவிட்டார்.

1955இல் அமெரிக்கா மத காரணங்களைச் சொல்லி உலக நாட்காட்டியை எதிர்த்தது. 1956இல் ஐ.நா. அந்தப் பொருளைக் கிடப்பில் போட்டது. சாகாவின் தேசிய நாட்காட்டியோ இன்றும் இருக்கிறது, அரசிதழின் தலைப்பில். அது யாருடைய ஓய்வையும் தொடவில்லை, யாருடைய பண்டிகையையும் நகர்த்தவில்லை. ஆகவே யாரும் எதிர்க்கவில்லை, யாரும் பயன்படுத்தவும் இல்லை. பஞ்சாங்கத்தின் அதிகாரத்தை உடைக்க நினைத்த விஞ்ஞானியின் உழைப்பு காகித ஓரத்தில் நிற்கிறது. பஞ்சாங்கம் எப்போதும்போல் கல்யாணத்துக்கு நாள் குறித்துக்கொண்டிருக்கிறது. சாகாவிடம் மரியாதை உள்ளவன் என்ற முறையில் வருத்தத்தோடுதான் எழுதுகிறேன்.

ஓய்வு நாளை மதம் கொடுத்தது என்றும் முழுசாகச் சொல்ல முடியாது. ஜோதிராவ் பூலேயின் தோழரான நாராயண் மேகாஜி லோகாண்டே 1884இல் பம்பாய் ஆலைத் தொழிலாளரைத் திரட்டினார். வாரம் ஒரு நாள் ஓய்வு அவர்களுடைய முதன்மைக் கோரிக்கைகளில் ஒன்று. 1890இல் ஆலை முதலாளிகள் ஞாயிறு விடுப்பை ஒப்புக்கொண்டார்கள். அந்த ஞாயிறு பைபிளிலிருந்து வரவில்லை, கூட்டம் கூட்டி மனுப்போட்டு வாங்கியது.

இந்த வரலாறு அத்தனையையும் வைத்துக்கொண்டு ஷயருக்குப் போனால் எனக்கு ஏன் அந்தப் பின்னிணைப்பு டிராகனைவிட அதீதப் புனைவாகத் தோன்றியது என்று விளங்கும். அங்கே கிழமை இல்லாத நாளால் நாள் இழந்தவர் யாருமே இல்லை. சனிக்கிழமையைக் காப்பாற்ற வேண்டிய ஒரு யூதன் அங்கே இல்லை. ஐந்து நிறம் பூசப்பட்ட ஆலைத் தொழிலாளி இல்லை. சாம் என்ற தோட்டக்காரனும் அவனுடைய அப்பாவும் ஒரே வீட்டுக்கு வேலை பார்க்கிறார்கள். ஆண்டு நடுநாள் விருந்தன்று அவர்கள் உட்கார்ந்து சாப்பிட்டார்களா, நின்று பரிமாறினார்களா? பிரதி மௌனம். எதிர்ப்பே இல்லாத சீர்திருத்தம் என்பதுதான் ஆளும் தரப்பு எல்லாக் காலத்திலும் காண விரும்பும் கனவு.

அதோடு விட்டால் டோல்கீனுக்கு நான் அநியாயம் செய்தவனாவேன். இந்தக் கனவில் அவரே மூன்று ஓட்டைகள் போட்டு வைத்திருக்கிறார். ஒன்று, ஷயர்காரர்களுக்கு அந்த நாட்காட்டி சொந்த ஊரில் இருக்கும்வரைதான் சௌகரியம். பிரீயைத் தாண்டிப் போனால் சிரமம் என்று போகிறபோக்கில் சொல்கிறார். ஒரு நாட்டுக்குள் ஒழுங்கு என்பது எல்லையில் ஒழுங்கீனமாகிவிடுகிறது. இரண்டு, போர் முடிந்து மாமன்னன் அரியணை ஏறியபின் வெற்றி நாளை ஆண்டுப் பிறப்பாக்கிப் புதிய கணக்கு வருகிறது. எல்லா நாடுகளும் ஏற்க, ஷயர் மட்டும் தன் பழைய கணக்கையே வைத்துக்கொள்கிறது. மூன்றாவதுதான் எனக்கு முக்கியம். அரசு கொண்டாடச் சொன்ன நாட்களை ஷயர் மக்கள் கொண்டாடியதாகப் பதிவு இல்லையாம். ஒரு பகுதியில் மட்டும் ஏப்ரல் 6 அன்று, மழை இல்லாவிட்டால், வெளியில் கூடி ஆடுகிற வழக்கம் வளர்ந்ததாம். ஏன் அந்த நாள் என்று கேட்டால் மூன்று விதமாகச் சொன்னார்களாம். தோட்டக்கார சாமின் பிறந்தநாள் என்று சிலர், ஊர் மரம் முதலில் பூத்த நாள் என்று சிலர், எல்ஃபுகளின் வருஷப் பிறப்பு என்று சிலர். பெருங்கதையாடல் மன்னனின் வெற்றியைச் சொல்ல, ஜனங்கள் தோட்டக்காரனின் பிறந்தநாளுக்கு ஆடுகிறார்கள். ஆணை போட்டு வந்த நாள் இல்லை அது, காரணமும் ஒன்றாக இல்லை. ஆனாலும் நாள் நிலைக்கிறது.

தமிழில் 'கிழமை' என்ற சொல்லுக்கு உரிமை என்று ஒரு பழைய பொருள் உண்டு. கிழவன் என்றால் உரியவன், கிழத்தி என்றால் உரியவள். ஞாயிற்றுக்கிழமை என்றால் ஞாயிற்றுக்கு உரிய நாள். அப்படிப் பார்த்தால் கிழமை இல்லாத நாள் என்பது யாருக்கும் உரிமையில்லாத நாள். ஹெர்ட்ஸ் ஜெனீவாவில் பயந்தது இதற்குத்தான்.

இன்று ஜவுளிக்கடையிலும் காவலாளி வேலையிலும் இருப்பவர்களுக்கு 'சுழற்சி முறையில் வார விடுப்பு' கொடுக்கிறார்கள். அண்ணனுக்குச் செவ்வாய், தம்பிக்கு வியாழன், கூட வேலை பார்க்கிற பெண்ணுக்கு இன்னொரு நாள். சட்டப்படி ஏழு நாளில் ஒரு நாள் ஓய்வு என்று காட்டிவிடலாம். ஆனால் சங்கக் கூட்டம் எந்தக் கிழமை வைப்பது? 1929இன் ஐந்து நிறங்களைப் புத்தகத்தில் படித்து ஆச்சரியப்படுகிற நாம், வேலை அட்டவணையை எழுதுகிற கையை அன்றாடம் பார்க்கத் தவறுகிறோம். எந்தப் புதிய காலக் கணக்கை யார் கொண்டுவந்தாலும், வலதோ இடதோ, அது அறிவியலா மூடநம்பிக்கையா என்று கேட்பதற்கு முன்னால், எவருடைய ஓய்வு நாள் எங்கே போய் விழுகிறது, அவர் இன்னொருவரோடு சேர்ந்து உட்கார அந்த நாள் இடம் விடுகிறதா என்று கேட்டுப் பார்க்கலாம். சாகா காலத்திலேயே நாம் கேட்டிருக்க வேண்டிய கேள்வி இது.